சாரங்கனுக்கு ஒரு டைரி: கு. அழகிரிசாமி பற்றி ஒரு கடிதம்

அன்புள்ள தம்பிக்கு,

உங்கள் கடிதம் வந்து மூன்று வாரங்களாகின்றன. தாமதத்துக்குப் பொறுத்துக்கொள்ளுங்கள். நீங்கள் கேட்ட கேள்விக்கு நினைவிலிருந்து பதில் எழுதினால் அது பழகிப்போன பாராட்டாக முடிந்துவிடும் என்று பயந்து, கு. அழகிரிசாமியின் முக்கியமான கதைகளை மறுபடியும் உட்கார்ந்து படித்தேன். இதே கேள்வியை வேறு சிலரும் என்னிடம் கேட்டிருப்பதால், உங்கள் சம்மதத்தோடு இதைப் பொதுவில் எழுதுகிறேன்.

நீங்களும் உங்கள் தங்கையும் நூலகத்திலிருந்து அவருடைய தொகுப்பை எடுத்து வந்து படித்ததாகவும், ‘நல்ல மனசுக்காரர் ஒருவர் எழுதிய நல்ல கதைகள்’ என்பதற்கு மேல் உங்களுக்கு ஒன்றும் தோன்றவில்லை என்றும் எழுதியிருந்தீர்கள். புதுமைப்பித்தனின் சீற்றமோ மௌனியின் புதிரோ இவரிடம் இல்லாதபோது, தமிழின் பெரிய சிறுகதையாசிரியர்கள் வரிசையில் இவர் பெயரை ஏன் தவறாமல் சொல்கிறார்கள் என்பது உங்கள் கேள்வி. கடிதத்தின் கடைசியில், போகிற போக்கில், தங்கை மட்டும் ‘அன்பளிப்பு’ கதையைப் படித்துவிட்டு அழுதாள் என்றும், ஏன் என்று கேட்டதற்குச் சொல்ல மறுத்துவிட்டாள் என்றும் ஒரு வரி இருந்தது. நீங்கள் அதை முக்கியமாக நினைத்து எழுதவில்லை. எனக்கோ உங்கள் கேள்விக்கான பதில் அந்த வரியில் இருப்பதாகப் பட்டது.

பல வருடங்களுக்கு முன் நான் முதன்முதலாகப் படித்ததும் நூலகப் பிரதிதான். ‘அன்பளிப்பு’ முடிகிற பக்கத்தின் அடியில் யாரோ பென்சிலால் ‘இதில் என்ன கதை?’ என்று எழுதி வைத்திருந்தார்கள். எனக்கும் அன்று அதே எண்ணம்தான். பக்கத்து வீட்டுப் பிள்ளைகளோடு சிநேகமாகப் பழகுகிற ஒருவர், அவர்களில் இரண்டு பேருக்கு டைரி கொண்டுவந்து கொடுக்கிறார். சாரங்கன் என்கிற பையனுக்குக் கொடுக்கவில்லை. பிறகு ஒருநாள் அவன் அவரைத் தன் வீட்டுக்குக் கூப்பிட்டு உபசரிக்கிறான். இதைச் சொல்ல இத்தனை பக்கமா என்று புத்தகத்தை மூடிவிட்டேன். நான் எதைப் பார்க்கத் தவறினேன் என்பது புரிய எனக்குக் குழந்தைகள் பிறந்து வளர வேண்டியிருந்தது.

கதை சொல்பவர் கெட்டவராக இருந்தால் இது சுலபமான கதை. அவர் மிகவும் நல்லவர். ஞாயிற்றுக்கிழமை காலையில் தூக்கத்தைக் கெடுத்துக்கொண்டு வந்து நிற்கிற பிள்ளைகளைக் கோபிக்காதவர். அவர்கள் தன்மேல் உரிமையோடு பாய்வதில் ஆனந்தம் காண்பவர். அதில் சிறிது பெருமையும் கொள்பவர். தன் அன்பில் பாரபட்சம் கிடையாது என்றே அவர் நம்புகிறார். அந்த நம்பிக்கைக்குள்தான் சாரங்கன் காணாமல் போகிறான். அவன் சண்டை போடுவதில்லை. பிடுங்குவதில்லை. கேட்டுப் பெறத் தெரிந்த குழந்தைகளுக்குக் கிடைத்துவிடுகிறது. கேட்கத் தெரியாத குழந்தை ஓரமாக நின்று, இன்னொருவர் பெயர் டைரியில் எழுதப்படுவதைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. பிறகு அவன் செய்வதைக் கவனியுங்கள். தானே ஒரு டைரியை வாங்கி வைத்துக்கொண்டு, அவரை வீட்டுக்கு வரவழைத்து, சிற்றுண்டி கொடுத்து உபசரித்துவிட்டு, அந்த டைரியை அவரிடம் நீட்டி, தனக்கு அன்பளிப்பு என்று எழுதித் தரச் சொல்கிறான். பொருள் அவனுடையது, காசும் அவனுடையது, அவருடைய பிரியத்துக்கு அடையாளமாக அந்த ஒரு வரி மட்டும் அவனுக்கு வேண்டியிருக்கிறது. அந்த இடத்தில் அழகிரிசாமி நிறுத்திவிடுகிறார். அந்த மனிதர் என்ன நினைத்தார், எப்படி வருந்தினார் என்று நமக்கு எதுவும் சொல்லப்படுவதில்லை.

தங்கை ஏன் காரணம் சொல்லவில்லை என்று இப்போது யோசித்துப் பாருங்கள். வீட்டில் ஒரு பிள்ளைக்கு ஏற்கெனவே கிடைத்துவிட்ட ஒன்றை, இன்னொரு பிள்ளை தனக்குக் கிடைக்கவில்லை என்று வாய்விட்டுச் சொல்வது எவ்வளவு கடினமான காரியம்! இதை உங்களைக் குற்றம் சொல்வதற்காக எழுதவில்லை. நானும் ஒரு வீட்டில் மூத்தவனாகப் பிறந்தவன்தான்.

அழகிரிசாமியைக் ‘கருணையின் எழுத்தாளர்’ என்று எழுதி எழுதியே நாம் அவரைக் கொஞ்சம் சாகடித்துவிட்டோம் என்று எனக்கு ஒரு ஆதங்கம் உண்டு. கருணை என்ற சொல் கொடுக்கிறவர் பக்கத்திலிருந்து வருவது. அழகிரிசாமியின் கண்ணோ பெரும்பாலும் வாங்கிக்கொள்கிறவர் பக்கத்தில், அல்லது வாங்கக் காத்திருந்து கிடைக்காமல் போனவர் பக்கத்தில் இருக்கிறது. ஒரு பொருள் கைமாறுகிறபோது அதோடு சேர்ந்து கைமாறுகிற மானம், கூச்சம், பெருமை, வருத்தம் எல்லாவற்றையும் அவர் கணக்குப் பிள்ளை போல எழுதிக்கொண்டே வருகிறார். அந்தக் கணக்கு எந்தக் கதையிலும் நேராவதில்லை.

‘ராஜா வந்திருக்கிறார்’ கதையையும் இப்படிப் படிக்கலாம். எல்லோரும் நினைவில் வைத்திருப்பது அனாதைச் சிறுவனை வீட்டுக்குள் அழைத்துக்கொள்ளும் தாயம்மாளைத்தான். கதையோ குழந்தைகளின் போட்டியில் தொடங்குகிறது. என்னிடம் இது இருக்கிறது, உன்னிடம் இருக்கிறதா என்கிற அந்த விளையாட்டில் பணக்கார வீட்டு ராமசாமியின் சில்க் சட்டைக்கு முன்னால் மங்கம்மாளுக்கும் அவள் சகோதரர்களுக்கும் சொல்வதற்கு ஒன்றும் இல்லை. தீபாவளிக்குச் சாதாரணத் துணிதான் அவர்களுக்கு வாய்த்திருக்கிறது. அதோடு அப்பாவுக்கென்று ஒரு துண்டு. இந்த நிலையில் எச்சில் இலையில் சோறு தேடுகிற, உடம்பெல்லாம் சிரங்கு பிடித்த ஒரு பையன் வந்து சேர்கிறான். அவன் பெயர் ராஜா. தாயம்மாள் அவனைத் தன் பிள்ளைகளோடு சேர்த்துக் குளிப்பாட்டிவிடுகிறாள். பிறகுதான் சிக்கல் வருகிறது. அவனுக்கு உடுத்த என்ன இருக்கிறது? கணக்குப் பார்த்து வாங்கிய வீட்டில் உபரியாக ஒரு முழத் துணிகூடக் கிடையாது. அப்பாவின் துண்டு அவன் இடுப்புக்குப் போகிறது.

அந்தத் துண்டைத்தான் நான் சொல்கிறேன். கொடுக்க மனம் இருக்கிறது என்பதோடு நிறைவடைகிற எழுத்தாளர் அங்கே ஒரு பழைய சட்டையைக் கண்டெடுத்துக் கொடுத்திருப்பார். அழகிரிசாமி அந்தக் குடும்பத்தின் இருப்புக் கணக்கை முன்பே நமக்குக் காட்டிவிட்டதால், அந்தத் துண்டு போனால் இன்னொருவர் தீபாவளி வெறுங்கையோடு போகும் என்பது நமக்குத் தெரியும். தாயம்மாளுக்கும் தெரியும். அவளுடைய தயக்கம் கதையில் இருக்கிறது. அதை அவர் மறைக்கவில்லை. தன் வீட்டுக்கு ஜமீன் சம்பந்தத்தில் ராஜா வந்திருக்கிறார் என்று ராமசாமி பெருமையடிக்கும்போது, எங்கள் வீட்டுக்கும்தான் ராஜா வந்திருக்கிறான், வந்து பார் என்று மங்கம்மாள் சொல்கிறாள். அவள் தத்துவம் பேசவில்லை. கதையின் ஆரம்பத்தில் தோற்ற விளையாட்டில் அவளுக்கு இப்போது சொல்வதற்கு ஒன்று கிடைத்திருக்கிறது, அவ்வளவுதான். சட்டைக்கு எதிராக வைக்க ஒரு ராஜா! குழந்தைகளின் போட்டி புத்தி துளியும் குறையாமல் அப்படியே இருக்கிறது. அதன் வழியாகவே அந்தப் பையன் அவர்கள் வீட்டுச் சொத்தாகிவிடுகிறான். நம்மில் பலர் குழந்தையை வெகுளி என்று கொஞ்சி எழுதினோம். அழகிரிசாமி குழந்தையை அந்தஸ்து, அவமானம், சாமர்த்தியம் எல்லாம் உள்ள முழு மனுஷியாக மதித்தார்.

இவ்வளவு நுணுக்கமான வரவு செலவுக் கணக்கு அவருக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டால், அவர் வாழ்ந்த வாழ்க்கையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கோவில்பட்டிக்குப் பக்கத்தில் உள்ள இடைசெவல் என்ற கரிசல் கிராமத்தில் 1923 செப்டம்பர் 23ஆம் தேதி பிறந்தார். ஏழே நாட்களுக்கு முன் அதே ஊரில் பிறந்தவர் அவருடைய நண்பரும் எழுத்தாளருமான கி.ரா. என்கிற கி. ராஜநாராயணன். இந்தியாவில் எத்தனையோ கிராமங்கள் இருக்க, பருத்தியும் கம்பும் விளைகிற அந்தச் சின்ன ஊரில் ஒரு வார இடைவெளியில் இரண்டு சாகித்திய அகாதெமி விருதாளர்கள் பிறந்ததை நினைத்தால் இன்னும் எனக்கு வியப்பாகவே இருக்கிறது. அழகிரிசாமியின் வீட்டு மொழி தெலுங்கு. பள்ளி இறுதி வரை படித்தார். சார்பதிவாளர் அலுவலகத்தில் வேலை பார்த்தார். அரசாங்க உத்தியோகம் என்றால் ஊரே மதிக்கிற காலத்தில் அதை விட்டுவிட்டு, பத்திரிகையில் வேலை பார்ப்பதற்காகச் சென்னைக்குப் போனார். முதல் கதை ‘ஆனந்த போதினி’யில் வெளிவந்தது. பிறகு ‘பிரசண்ட விகடன்’, அதன் பிறகு வை. கோவிந்தனின் ‘சக்தி’. ஐம்பதுகளில் மலாயாவுக்குப் போய்த் ‘தமிழ் நேச’னில் சில ஆண்டுகள் பணியாற்றினார். 1957இல் திரும்பி வந்து, அறுபதுகளின் முற்பகுதியில் ‘நவசக்தி’யில் இருந்தார். 1970 ஜூலை 5ஆம் தேதி, நாற்பத்தேழு வயது நிறையும் முன்னே காலமானார்.

பத்திரிகைகளின் பெயர்களை இப்படி வரிசையாகச் சொல்லும்போது பெரிய வாழ்க்கை போலத் தெரியும். உண்மையில் ஒவ்வொரு பெயருக்கும் இடையில் ஒரு வேலையில்லாக் காலமும் வாடகை பாக்கியும் இருக்கும் என்பது அந்தத் தலைமுறை எழுத்தாளர்களைப் பற்றி அறிந்தவர்களுக்குத் தெரியும். எழுதியே பிழைப்பது என்று முடிவு செய்தவர்கள் அவர்கள். மாதக் கடைசியில் கையில் உள்ள சில்லறையை எண்ணிப் பார்த்தவருக்குத்தான் தாயம்மாள் வீட்டில் கொடுப்பதற்கு அந்த ஒரு துண்டை விட்டால் வேறு எதுவும் இல்லை என்பது தெரியும்.

அவருடைய எளிய நடை பற்றி நீங்கள் ‘சாதாரணம்’ என்று எழுதியிருந்தீர்கள். அதை நான் மறுக்க மாட்டேன். ஆனால் அந்தச் சாதாரணம் தெரிந்து செய்தது. கம்பனில் ஆழ்ந்து தோய்ந்தவர் அவர். சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியாரின் காவடிச் சிந்தைப் பதிப்பித்தவர். காவடிச் சிந்தைச் சும்மா வாய்விட்டுப் படித்தாலே நாக்கு தானாக ஆடத் தொடங்கிவிடும். அத்தனை சந்தம், அத்தனை எதுகை. இவரும் கி.ரா.வும் விளாத்திகுளம் சுவாமிகளின் பாட்டுக்குப் பித்தானவர்கள். இருவரும் ஒருவருக்கொருவர் எழுதிக்கொண்ட கடிதங்களில் இலக்கியத்துக்குச் சமமாக இசையும் இடம் பிடித்திருக்கிறது. இப்படிக் காது நிறையச் சந்தத்தை வைத்திருந்த மனிதர், தன் உரைநடையில் அதில் ஒரு துளியைக்கூடச் சிந்தவிடவில்லை. நாட்டியம் தெரிந்தவர் நடந்து போகிறபோது நாட்டியம் ஆடிக்காட்ட மாட்டார். ஆனால் அவர் கால் வைக்கிற விதத்தில் ஒரு தெளிவு இருக்கும் இல்லையா, அதுபோல. மார்க்சிம் கார்க்கியை அவர் தமிழில் மொழிபெயர்த்ததையும் இதோடு சேர்த்துக்கொள்ளலாம். ஏழ்மையைச் சத்தம் போடாமல் எழுதலாம் என்கிற தைரியம் அங்கிருந்தும் கொஞ்சம் வந்திருக்கக்கூடும்.

இன்னொன்றையும் கவனித்தேன். கரிசல் இலக்கியம் என்று நாம் இப்போது சொல்வதெல்லாம் கி.ரா. வழியாக வந்தது, பேச்சு மொழியை அப்படியே எழுத்தில் கொண்டுவந்து, கரிசல் வட்டாரச் சொற்களுக்குத் தனி அகராதியே செய்தவர் அவர். ஒரே தெருப் புழுதியில் வளர்ந்த அழகிரிசாமியோ வட்டார வழக்கை மிகச் சிக்கனமாகத்தான் கையாண்டார். அவருடைய மாந்தர்கள் பல இடங்களில் ஓரளவு பொதுத் தமிழில் பேசுகிறார்கள். இது குறை என்று சிலர் சொல்வார்கள். சில கதைகளில் எனக்கும் அப்படித் தோன்றியதுண்டு. பசியோடு இருக்கிற ஒரு கிராமத்துக் கிழவர் இவ்வளவு திருத்தமாகப் பேசுவாரா என்று ஒரு நிமிடம் நின்றிருக்கிறேன். ஆனால் மொழியில் ஊரைக் காட்டாமலேயே ஊரைக் காட்ட முடியும் என்பதற்கும் அவரே சாட்சி. வெக்கையும் வறட்சியும் அவர் கதைகளில் வர்ணனையாக வருவது குறைவு, வயிற்றில் வருகிறது.

வயிறு என்றதும் ‘சுயரூபம்’ நினைவுக்கு வருகிறது. கருணை எழுத்தாளர் என்று இவரைச் சொல்பவர்கள் இந்தக் கதையை எங்கே வைப்பார்கள் என்று தெரியவில்லை. பரம்பரைப் பெருமை மிக்க மாடசாமித் தேவர், வீட்டில் அடுப்பு எரியாத ஒரு நாளில், சாலையோர இட்லிக் கடையைச் சுற்றிச் சுற்றி வருகிறார். கடன் கேட்க வாய் வரவில்லை; கேட்காமல் இருக்க வயிறு விடவில்லை. ஊர்க்கதை பேசுகிறார், முன்னோர் பெருமை பேசுகிறார், கடைக்காரருக்கு உதவி செய்கிற பாவனையில் உட்கார்ந்திருக்கிறார், ஒவ்வொரு வாக்கியத்தின் முடிவிலும் கண் இட்லித் தட்டுக்குப் போய் வருகிறது. படிக்கிறபோது சிரிப்பு வரும். இரண்டு பக்கம் போனதும் சிரித்ததற்காக வெட்கப்படுவீர்கள். இந்தக் கதையில் யார்மீதும் அவர் இரக்கத்தைத் தூவவில்லை. பசி ஒரு மனிதனிடமிருந்து பெருமையை ஒவ்வொரு தோலாக உரிப்பதைக் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டிருக்கிறார். ‘திரிபுரம்’ இன்னும் கொடூரம். பஞ்சத்தில் ஊரைவிட்டு வரும் தாயும் மகளும் பசியின் விளிம்பில் எதை விற்கிறார்கள் என்பதும், முடிவில் எழும் அந்தச் சிரிப்பும், சிவன் சிரித்து முப்புரத்தை எரித்த கதையைத் தலைப்பில் வைத்துக்கொண்டு நம்மைச் சுடுகின்றன. இதை எழுதிய கையை ‘நல்ல மனசுக்காரர்’ என்று மட்டும் சொல்லி நகர்ந்துவிட முடியுமா?

குறைகளும் உண்டு. ஏறக்குறைய நூறு கதைகள் எழுதியிருக்கிறார். பத்திரிகைப் பக்கத்தின் அவசரம் தெரிகிற கதைகள் அவற்றில் கணிசமானவை. சிலவற்றில் நல்ல முடிவு வந்த பிறகும் ஒரு பத்தி நீண்டுவிடுகிறது. சிலவற்றில் கதை சொல்பவர் தன் மனநிலையை நமக்கு அதிகமாக விளக்குகிறார். நீங்கள் படித்த தொகுப்பில் அப்படிப்பட்ட கதைகள் முன்னால் வந்திருந்தால் உங்களுக்குச் சலிப்புத் தட்டியதில் வியப்பில்லை. அவரைத் தொடர்ச்சியாக ஒரே மூச்சில் படிக்காதீர்கள். நாளைக்கு ஒன்று போதும்.

நாளைக்கே ஒன்று என்றால் ‘இருவர் கண்ட ஒரே கனவு’ படியுங்கள். வறுமையில் நோயுற்றுத் தாய் இறந்துபோகிறாள். இரண்டு சின்னப் பையன்கள் மிஞ்சுகிறார்கள். எப்போதும் சண்டை போடுகிற சகோதரர்கள். அன்று இரவு இருவரும் ஒரே கனவைக் காண்கிறார்கள். அம்மா வருகிறாள், தன் சேலையை எடுத்து அவர்களுக்குப் போர்த்துகிறாள். இதைச் சுருக்கிச் சொன்னால் மிகையுணர்ச்சி போலத்தான் இருக்கும். கதைக்குள் அந்தத் தாய்க்கு உடுத்த உருப்படியாக ஒன்று இல்லை என்பது நமக்குத் தெரிந்திருப்பதால், கனவில் அவள் கொடுக்கிற அந்தச் சேலை என்ன விலை பெறும் என்பதும் நமக்குத் தெரிந்துவிடுகிறது. மறுபடியும் ஒரு துணிதான் பாருங்கள்! துண்டு, சேலை, டைரி, இட்லி. வேறு பெரிய பொருள் எதையும் அவர் தேடிப் போகவில்லை.

‘குமாரபுரம் ஸ்டேஷ’னையும் விட்டுவிடாதீர்கள். கோவில்பட்டியைத் தாண்டிக் கடம்பூர் போகிற வழியில் இருக்கிற அந்த நிலையத்தைப் பலமுறை ரயிலில் கடந்திருக்கிறேன். நான் போகிற வண்டிகள் அங்கே நிற்பதில்லை. பெயர்ப்பலகை ஒரு நொடி தெரிந்து மறையும். ஆளில்லாத காட்டில் எதற்கு ஒரு ஸ்டேஷன் என்று கதையில் ஒரு தலைமையாசிரியர் நினைக்கிறார். பிறகு, அங்கே ஏறி வெளியூர்ப் பள்ளியில் சேரப் போகிற கிராமத்துச் சிறுவர்களை ரயில் பெட்டியில் சந்திக்கிறார். அவ்வளவுதான் நடக்கிறது. ஆனால் அந்தப் பெயர்ப்பலகை மறைகிற ஒவ்வொரு முறையும் நான் ஜன்னல் பக்கம் திரும்பியிருக்கிறேன்.

அவர் விட்டுச்சென்றது என்ன என்றும் கேட்டிருந்தீர்கள். 1970ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி விருது ‘அன்பளிப்பு’ தொகுப்புக்குக் கிடைத்தது. அதை வாங்கிக்கொள்ள அவர் இல்லை. எந்தக் கதையின் பெயரால் விருது வந்ததோ அந்தக் கதையில் தன் பெயரை ஒருவர் எழுதித் தருவதற்காகக் காத்திருந்த பையனைப் பற்றி எழுதியவருக்கு அப்படி நேர்ந்ததை நினைக்கும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைக்கும். கி.ரா. தன் நண்பரைவிட அரை நூற்றாண்டு அதிகம் வாழ்ந்தார். அந்த அரை நூற்றாண்டும் பேட்டிகளிலும் கட்டுரைகளிலும் அழகிரிசாமியின் பெயரைச் சொல்லிக்கொண்டே இருந்தார். பழ. அதியமான் பதிப்பித்த முழுத் தொகுப்பு இன்று கிடைக்கிறது. 2023இல் நூற்றாண்டு வந்தபோது சில கூட்டங்கள் நடந்தன, சில மலர்கள் வந்தன. பின்னால் வந்தவர்களில் குழந்தைகளைப் பற்றியோ வீட்டுச் செலவைப் பற்றியோ சத்தமில்லாமல் நன்றாக எழுதிய யாரைப் படித்தாலும், அந்தப் பாதையில் இவருடைய காலடி இருப்பது எனக்குத் தெரிகிறது. அவர்களில் பலர் அதை உணர்ந்திருக்கக்கூட மாட்டார்கள்.

முழுத் தொகுப்பில் ஒரு பிரதி வாங்கி வைத்திருக்கிறேன். முதல் பக்கத்தில் உங்கள் பெயரை எழுதி, நேற்றே அஞ்சலில் சேர்க்கக் கிளம்பினேன். பாதி வழியில் நின்றுவிட்டேன். திரும்பும்போது கடையில் இன்னொரு பிரதியும் வாங்கிக்கொண்டு வந்தேன். உங்கள் கடிதத்தில் தங்கை என்று மட்டும்தான் இருக்கிறது, பெயர் இல்லை. அவளுடைய பெயரை உடனே எழுதி அனுப்புங்கள். இரண்டையும் சேர்த்தே அனுப்புகிறேன்.

அன்புடன்,
உங்கள் அண்ணன்